அதிகம் பேசப்படாத தமிழ் நூல்களைத் தேடிப் பிடிக்கும் வழிகள்: நாவல், பயணம், நாடகம், துப்பறியும் கதை எல்லாம் சேர்த்து

#1 தாழம்பூ

"நல்ல தமிழ்ப் புத்தகம் சொல்லுங்க" என்று எந்தக் குழுவில் கேட்டாலும் அதே இருபது பெயர்கள்தான் திரும்பத் திரும்ப வருகின்றன. அவை நல்ல நூல்கள்தான், அதில் சண்டை இல்லை. ஆனால் இத்தனை நீண்ட அச்சு வரலாற்றில் வெளிவந்தது அவ்வளவுதானா?

இந்த இழையில் பட்டியல் வேண்டாம், வழிகளைப் பேசுவோம். எந்த வகை நூலை எங்கே தேடுவது, தேடும்போது எப்படித் தட்டச்சு செய்வது, பழைய பிரதி கிடைத்தால் எதைச் சோதிப்பது, எங்கே ஏமாறுவோம் என்று விவரம் தெரிந்தவர்கள் எழுதுங்கள். முதல் பக்கங்கள் கிழிந்த ஒரு பழைய துப்பறியும் நாவலைப் பற்றி என்னிடமும் ஒரு கேள்வி இருக்கிறது. அடிப்படை விஷயங்கள் வந்த பிறகு கேட்கிறேன்.

#2 பழையபேப்பர்

நமக்கு முன்னே தேடியவர்களின் தடத்திலிருந்து தொடங்குவதுதான் சுலபம். விமர்சகர் க.நா.சு.வின் 'படித்திருக்கிறீர்களா?' நூலில் ஒவ்வொரு கட்டுரையும் ஒரு தமிழ் நூலைப் பற்றியது. அவர் தேர்வை ஏற்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. ஆனால் அதில் வரும் பெயர்களில் எத்தனையை நீங்கள் கேள்விப்படவே இல்லை என்று எண்ணிப் பாருங்கள், இடைவெளி தெரிந்துவிடும். நாவலுக்கு சிட்டியும் சிவபாதசுந்தரமும் சேர்ந்து எழுதிய 'தமிழ் நாவல்: நூறாண்டு வரலாறும் வளர்ச்சியும்' (1977). 19ஆம் நூற்றாண்டு நூல்களுக்கு மயிலை சீனி. வேங்கடசாமியின் 'பத்தொன்பதாம் நூற்றாண்டில் தமிழ் இலக்கியம்'.

இவை மூன்றும் வாசல்தான். உள்ளே போக இரண்டு வழி உண்டு.

ஒன்று, இதழ்களின் 'வரப்பெற்றோம்', 'மதிப்புரை' பக்கங்கள். சரஸ்வதி, எழுத்து, தாமரை மாதிரி இதழ்களின் பழைய தொகுதி கிடைத்தால் கதை, கட்டுரைக்கு முன்னால் கடைசிப் பக்கங்களைப் பாருங்கள். பெரிய பதிப்பகம் இல்லாத, ஆசிரியரே காசு போட்டு அச்சிட்ட நூல்களின் பெயர் அங்கேதான் இருக்கும். விலையும் முகவரியும் கூட இருக்கும்.

இரண்டு, கையில் இருக்கும் பழைய நூலின் பின்பக்க விளம்பரம். 'எமது பிற வெளியீடுகள்' என்ற ஒரு பக்கம் பத்துப் பதினைந்து நூல்களைக் காட்டிக்கொடுக்கும். பின்னட்டையைத் தூக்கி எறிந்துவிட்டுப் புது பைண்டிங் செய்தால் அந்தத் தடம் போய்விடும். பைண்டரிடம் கொடுக்கும்போதே "விளம்பரப் பக்கத்தையும் சேர்த்துத் தைக்கணும்" என்று சொல்லிவிடுங்கள்.

#3 அச்சுக்கோப்பு

1867இல் வந்த அச்சகம் மற்றும் நூல் பதிவுச் சட்டத்தால் நமக்குக் கிடைத்த பெரிய வசதி ஒன்று இருக்கிறது. அந்தச் சட்டப்படி அச்சான ஒவ்வொரு நூலையும் அரசிடம் பதிய வேண்டியிருந்தது. சென்னை மாகாணத்தில் மூன்று மாதத்துக்கு ஒருமுறை அந்தப் பட்டியல் அரசிதழோடு வெளியானது. நூற்பெயர், ஆசிரியர், அச்சகம், பக்க எண்ணிக்கை, அளவு, எத்தனை படி, விலை எல்லாம் ஒரே வரியில். எத்தனை படி என்ற அந்தக் கட்டம் அருமையானது. இன்று யாருக்கும் தெரியாத ஒரு நூல் அந்தக் காலத்தில் எவ்வளவு பரவியது என்பதை அதை வைத்து ஊகிக்கலாம்.

அதற்கு முந்தைய காலத்துக்கு ஜான் மர்டாக் 1865இல் தொகுத்த தமிழ் அச்சு நூல் பட்டியல் இருக்கிறது. பிரிட்டிஷ் மியூசியத்தின் தமிழ் நூல் அட்டவணை 1909இல் வந்தது, பார்னெட்டும் போப்பும் செய்தது. அதன் துணைத் தொகுதி 1931இல். மர்டாக் பட்டியல் பொருள்வாரியாகப் பிரிக்கப்பட்டது. மருத்துவம், சோதிடம், கணக்கு, கும்மி, அம்மானை என்று வகைப்படி நூல் தேடுபவர்கள் அங்கிருந்தே தொடங்கலாம்.

ஒரு எச்சரிக்கை. பழைய நாவல்களுக்குப் பெரும்பாலும் இரட்டைத் தலைப்பு. ராஜமய்யரின் 'கமலாம்பாள் சரித்திரம்' முதலில் 'ஆபத்துக்கிடமான அபவாதம் அல்லது கமலாம்பாள் சரித்திரம்'. மூவலூர் ராமாமிர்தம் அம்மையாரின் 1936 நாவல் 'தாசிகள் மோசவலை அல்லது மதிபெற்ற மைனர்'. அட்டவணையில் முதல் பாதியின் அகர வரிசையில் இருக்கும். நமக்கோ இரண்டாம் பாதிதான் தெரிந்திருக்கும். "கிடைக்கவில்லை" என்று முடிவு கட்டும் முன் 'அல்லது', 'என்னும்' இரண்டுக்கும் இருபுறமும் தேடுங்கள்.

#4 தாழம்பூ

இணையத்தில் தேடினால் பாதி நேரம் பூஜ்யம்தான் வருகிறது. நூல் இருக்கிறது என்று தெரியும், ஆனால் தேடல் பெட்டி இல்லை என்கிறது. இதற்கு என்ன செய்வது?

#5 மேலட்டை

மூன்று காரணம் இருக்கும். ஒவ்வொன்றாகப் பாருங்கள்.

முதலாவது எழுத்து. ணா, றா, னா, ணை, லை, ளை, னை போன்றவற்றின் இன்றைய வடிவம் தமிழ்நாட்டில் 1978 அரசாணைக்குப் பிறகு வந்தது. பெரியார் 1935லேயே குடிஅரசில் தொடங்கிவிட்டார் என்றாலும் பெரும்பாலான அச்சகங்கள் பழைய வடிவத்தில்தான் ஓடின. ஸ்கேன் செய்த பக்கத்தைக் கணினி படிக்கும்போது துதிக்கை போட்ட 'லை'யும் சுழித்த 'னா'வும் வேறு எழுத்தாகிவிடும். ஆகவே 'தலைவன்', 'கனா', 'சாலை' என்று தேடினால் கிடைக்காது. அந்த எழுத்துகள் இல்லாத சொல்லாகத் தேர்ந்தெடுங்கள். தலைப்பில் 'மனைவி' இருந்தால் அதை விட்டுவிட்டுப் பக்கத்துச் சொல்லைப் போடுங்கள்.

இரண்டாவது கிரந்தம். சரித்திரம் / ஸரித்திரம், ஈசுவரி / ஈச்வரி / ஈஸ்வரி, சகுந்தலை / சகுந்தலா / ஸகுந்தலை. எல்லாவற்றையும் போட்டுப் பார்க்க வேண்டும். கிருத்திகாவின் 1966 நாவல் 'வாஸவேச்வரம்'. அதை 'வாசவேஸ்வரம்' என்று தேடியவர்களுக்கு அது இல்லாத நூல்.

மூன்றாவதுதான் முக்கியம், வெளிநாட்டு நூலக அட்டவணை. 1962இலிருந்து அமெரிக்க அரசின் பிஎல் 480 திட்டத்தில் இந்தியாவில் வெளியான நூல்கள் அங்குள்ள பல்கலைக்கழக நூலகங்களுக்குப் பெருமளவில் போயின. இங்கே ஒரு பிரதி கூடக் கண்ணில் படாத சிறு பதிப்பக நூல் சிகாகோ அட்டவணையில் இருக்கும். ஆனால் அங்கே தமிழை ரோமன் எழுத்தில் பதிவதற்குத் தனி முறை உண்டு. நாம் குறுஞ்செய்தியில் எழுதுவது போலப் போட்டால் கிடைக்காது. 'ச' என்றால் எஸ் இல்லை, சி. 'ழ' என்றால் இசட் எச் இல்லை, கீழ்க்கோடு போட்ட எல். கோடு இல்லாத எல் போட்டாலே போதும். 'க' எங்கே வந்தாலும் கே, ஜி கிடையாது. 'த', 'ட' இரண்டும் 'டைகர்' என்பதில் வரும் டி, கூடவே எச் சேர்க்கக் கூடாது. 'ப' எப்போதும் 'பேப்பர்' என்பதில் வரும் பி. அதாவது ஒலியை விட்டுவிட்டு எழுத்தை மட்டும் பாருங்கள். 'புதுமைப்பித்தன்' என்பதில் 'து' வருமிடத்தில் டி-யு. இது பழகிவிட்டால் உலக நூலகக் கூட்டு அட்டவணையில் (வேர்ல்ட்கேட்) தமிழ்நாட்டுக் கடைகளில் பார்க்காத ஆயிரக்கணக்கான தலைப்புகள் திறக்கும்.

புனைபெயரையும் மறக்காதீர்கள். கிருத்திகா என்பது மதுரம் பூதலிங்கம், சிட்டி என்பது பெ.கோ. சுந்தரராஜன், கரிச்சான் என்பது கு.ப.ரா. இரண்டு பெயரிலும் தேடுங்கள்.

#6 வடலி

இலங்கைப் பக்கம் பற்றியும் சொல்ல வேணும். அங்கே கன நூல்கள் கடைக்கே வாறதில்லை. எழுத்தாளரே அச்சடிச்சு, வெளியீட்டு விழாவிலே வித்து, மிச்சத்தை நண்பர்களிட்டைக் குடுத்து முடிஞ்சுபோகும். இரண்டாம் பதிப்பு வாறதே அரிது. அதாலே கடையிலே தேடுறதை விட அட்டவணையிலே தேடுறதுதான் பலன் தரும்.

என். செல்வராஜா தொகுக்கிற 'நூல்தேட்டம்' தொகுதிகளைப் பாருங்கோ. ஒவ்வொரு தொகுதியிலும் ஆயிரம் நூல்களுக்குக் குறிப்பு: ஆசிரியர், வெளியீட்டாளர், ஆண்டு, பக்கம், உள்ளடக்கம் என்று. பொருள்வாரியாப் பிரிச்சிருக்கிறதாலே 'மலையகம்', 'நாடகம்', 'சிறுவர்' என்று நேரே போகலாம். பிறகு அந்தப் பெயரை 'நூலகம்' என்ற இணையத்தளத்திலே போடுங்கோ. 2005இலே தொடங்கின தன்னார்வ முயற்சி அது. நூல் மட்டுமில்லை, மல்லிகை போன்ற இதழ்கள், விழா மலர்கள், நினைவு மலர்கள் எல்லாம் ஸ்கேன் செய்து வைச்சிருக்கினம். 1981இலே யாழ்ப்பாண நூலகம் எரிஞ்சபோது சுமார் 97,000 நூல்கள் போனது. அதுக்குப் பிறகு இந்த வேலையின்ர பெறுமதியைச் சொல்லத் தேவையில்லை.

தமிழ்நாட்டு வாசகர்கள் தவறவிடுற ஒரு வரிசை, வீரகேசரி நாளிதழ் 1970களிலே மலிவு விலையிலே போட்ட நாவல்கள். மலையகம், கிழக்கு, வன்னி என்று அந்தந்த மண்ணிலே இருந்து எழுதினவை. தெளிவத்தை ஜோசப்பின்ர 'காலங்கள் சாவதில்லை' அந்த வரிசைதான். அதை முதலிலே வாசியுங்கோ. தோட்டத் தொழிலாளர் இருக்கிற வரிசை வீடுகளான லயத்து வாழ்க்கையை உள்ளிருந்து எழுதின நாவல்.

#7 கொன்றை

வகைகளுக்கு வருவோம். தேடும் இடம் வகைக்கு வகை மாறும்.

நாடகம்: நாடகப் பிரதியை விட நடிகர்கள், சபாக்காரர்கள் எழுதிய நினைவு நூல்களில்தான் சரக்கு அதிகம். பம்மல் சம்பந்த முதலியாரின் 'நாடக மேடை நினைவுகள்' ஆறு பாகம். அவருடைய நாடகக் குழுவான சுகுண விலாச சபை 1891இல் தொடங்கியதிலிருந்து திரைச்சீலை, ஒத்திகை, டிக்கெட் வசூல், வெளியூர்ப் பயணம் என்று எல்லாம் இருக்கிறது. அவ்வை தி.க. சண்முகத்தின் 'எனது நாடக வாழ்க்கை' சிறுவர்களே நடித்த தொழில்முறை நாடகக் குழுவான பாய்ஸ் கம்பெனியின் உள்பக்கம். இவ்விரண்டையும் அடுத்தடுத்துப் படித்தால் படித்தவர் சபாவும் தொழில்முறைக் கம்பெனியும் எவ்வளவு வேறு உலகங்கள் என்று புரியும்.

பயணம்: ஏ.கே. செட்டியாரை அவர் எடுத்த காந்தி ஆவணப்படத்துக்காக மட்டும் தெரிந்தவர்கள் அவர் நடத்திய 'குமரி மலர்' இதழ்களைப் பார்க்க வேண்டும். பழைய இதழ்கள், நூல்களிலிருந்து அரிய பயணக் குறிப்புகளைத் தேடி மறுபடி அச்சிட்டார். மறந்துபோன பயண நூல்களின் பெயர்களுக்கு அதைவிட நல்ல சுரங்கம் எனக்குத் தெரிந்து இல்லை.

பெண்கள் எழுதியவை: வை.மு. கோதைநாயகி அம்மாள் 115 நாவல் எழுதியவர். தனி நூலாகத் தேடினால் சிலதான் கிடைக்கும். அவர் நடத்திய 'ஜகன்மோகினி' இதழ்த் தொகுதியில் தேடுங்கள்.

மலேசியா: ஜப்பானியர் காலத்து சயாம் ரயில் பாதை பற்றி ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்', அ. ரெங்கசாமியின் 'நினைவுச்சின்னம்'. தமிழ்த் தோட்டத் தொழிலாளர்கள் அங்கே மடிந்த கதை தமிழ்நாட்டுப் பாடப்புத்தகம் வழியாக நமக்கு வந்து சேரவே இல்லை.

இன்னொன்றையும் அழுத்திச் சொல்ல வேண்டும். பேசப்படாதது எல்லாம் பொக்கிஷம் ஆகிவிடாது. பல நூல்கள் நியாயமாகவே மறக்கப்பட்டவை. ஒரு நாவலை எடுத்தால் முதல் அத்தியாயத்தை மட்டும் வைத்து முடிவு செய்யாதீர்கள். அந்தக் காலத்து முதல் அத்தியாயம் பெரும்பாலும் வருணனையும் உபதேசமும்தான். நடுவில் இரண்டு பேர் பேசிக்கொள்ளும் ஒரு பக்கத்தைப் படியுங்கள். பேச்சு உயிரோடு இருந்தால் கொண்டுபோய் முழுசாகப் படிக்கலாம்.

#8 அச்சுக்கோப்பு

கொன்றை சொன்ன சுயசரிதை, நாடக நினைவு நூல்களுக்கு ஒன்று சேர்க்கிறேன்: முடிந்தவரை முதற்பதிப்பைப் பாருங்கள். மறுபதிப்பில் முன்னுரை காணாமல் போகும், படங்கள் போகும், "இன்றைய வாசகருக்காக" என்று கிரந்த எழுத்தையும் பேச்சு வழக்கையும் திருத்திவிடுவார்கள். சில மறுபதிப்பில் அத்தியாயமே குறையும். அத்தியாய எண்ணிக்கையை ஒப்பிட்டாலே பல நேரம் பிடிபட்டுவிடும்.

#9 கொன்றை

ஏற்கிறேன், ஆனால் முழுசாக இல்லை. முதற்பதிப்பைத்தான் படிப்பேன் என்று உட்கார்ந்தால் பெரும்பாலானவர்கள் எதையுமே படிக்க மாட்டார்கள். நல்ல ஆய்வுப் பதிப்பு பாடவேறுபாட்டையும் முதல் வெளியீட்டு விவரத்தையும் தரும், அது முதற்பதிப்பை விடப் பயனுள்ளது. அது இல்லாத இடத்தில் மட்டும் முதற்பதிப்புக்குப் போகலாம்.

உரிமை பற்றியும் குழப்பம் இருக்கிறது. இந்தியாவில் ஆசிரியர் இறந்த ஆண்டுக்கு அடுத்த ஆண்டு தொடங்கி 60 ஆண்டு. பம்மல் சம்பந்த முதலியார் மறைந்தது 1964. இந்தக் கணக்குப்படி 2025 ஜனவரியிலிருந்து அவர் எழுத்து பொதுவுடைமை. கோதைநாயகி அம்மாள் 1960, அதுவும் பொதுவில் வந்துவிட்டது. இலங்கையில் 70 ஆண்டு, மலேசியாவில் 50. தமிழ்நாடு அரசு நாட்டுடைமை ஆக்கிய ஆசிரியர்களுக்கு இந்தக் கணக்கு தேவையில்லை, அரசு பரிவுத்தொகை கொடுத்து நூல்களைப் பொதுவாக்கிவிட்டது. தமிழ் இணையக் கல்விக்கழக மின்னூலகத்திலும் விக்கிமூலத்திலும் அவை ஏராளமாக உள்ளன. ஆனால் மூலம் பொதுவுடைமை ஆனாலும் புதுப் பதிப்பின் முன்னுரை, குறிப்புகள், அட்டை ஓவியம் ஆகியவை அந்தந்தப் பதிப்பாளருக்கே சொந்தம். புதுப் பதிப்பை அப்படியே ஸ்கேன் செய்து சுற்றுக்கு விடாதீர்கள். குறைந்த படி அச்சிட்டு இந்த வேலையைச் செய்கிற சிறு பதிப்பாளர்தான் அதில் அடிபடுவார்.

#10 பழையபேப்பர்

பழைய புத்தகக் கடையில் வாங்கும்போது செய்ய வேண்டிய சோதனை. ஒரே தாளில் அச்சிட்டு மடித்துத் தைக்கும் பக்கக் கட்டுதான் ஃபாரம், பெரும்பாலும் 16 பக்கம். 1, 17, 33, 49, 65 என்று ஒவ்வொரு ஃபாரமும் தொடங்கும் பக்கத்தைப் புரட்டுங்கள். பழைய நூல்களில் அந்தப் பக்கத்தின் அடியில் சின்னதாக ஃபாரம் எண்ணும் இருக்கும். பைண்டிங்கில் ஒரு ஃபாரம் விட்டுப்போனால் 16 பக்கம் அப்படியே இருக்காது, அல்லது ஒரே ஃபாரம் இரண்டு முறை தைக்கப்பட்டிருக்கும். தொடக்கமும் முடிவும் சரியாக இருப்பதால் வீட்டுக்கு வந்த பிறகுதான் தெரியும்.

பலரும் தாண்டிப் போகும் ஒன்று, வாரப் பத்திரிகைத் தொடரைக் கிழித்து வீட்டில் பைண்டு செய்த தொகுதிகள். நூலாகவே வராத தொடர்கள் அதில்தான் உயிரோடு இருக்கின்றன. கோபுலு, மணியம், சில்பி போன்றவர்களின் ஓவியங்களும் முதல் வடிவில் கிடைக்கும். வாங்கும் முன் அத்தியாய எண்களை வரிசையாகப் பாருங்கள், தீபாவளி மலர் வாரத்தில்தான் ஒன்று விட்டுப்போயிருக்கும். பைண்டர் ஓரத்தை வெட்டும்போது கடைசி வரியும் போயிருக்கிறதா என்று பாருங்கள். பின்பக்கத்து விளம்பரங்களை வைத்து ஆண்டைக் கண்டுபிடிக்கலாம்.

கடைக்கு வராத நூல்களுக்கு இன்னொரு இடம், மாவட்ட மைய நூலகம். அரசு நூலகங்களுக்கு வாங்கும் நூலக ஆணையை நம்பி அச்சிடப்பட்ட எத்தனையோ நூல்கள் கடையையே பார்க்காமல் நேராக அங்கே போய்விட்டன. அலமாரியில் தேடுங்கள், கணினிப் பதிவை மட்டும் நம்ப வேண்டாம்.

#11 தாழம்பூ

இப்போது என் கேள்வி. துப்பறியும் நாவல், முதல் நான்கு பக்கமும் அட்டையும் இல்லை. முகவுரையின் கடைசித் துண்டு இருக்கிறது: "தாது வருஷம் ஆவணி மாதம், திருவல்லிக்கேணி". பக்கத் தலைப்பில் ஒரு பெண் பெயர் மட்டும். மொத்தம் 192 பக்கம். கடைசி விளம்பரத்தில் விலை அணாவில். முகவுரையில் ஆனந்த விகடன் பெயர் வருகிறது. ஆண்டு, தலைப்பு கண்டுபிடிக்க முடியுமா?

#12 அச்சுக்கோப்பு

ஆண்டு உறுதியாகச் சொல்லலாம். தாது வருஷம் அறுபதாண்டுக்கு ஒருமுறை: 1876, 1936, 1996. பெரும் பஞ்சம் தொடங்கிய தாது 1876. ஆனந்த விகடன் தொடங்கியது 1926, அதனால் 1876 கழிந்தது. அணா விலை 1957 ஏப்ரலில் தசம நாணயம் வந்ததோடு முடிந்தது, அதனால் 1996உம் இல்லை. ஆவணி என்றால் 1936 ஆகஸ்ட்–செப்டம்பர்.

மற்றவர்களுக்கும் பயன்படும் என்பதால் இன்னும் சில அடையாளம். 'நயா பைசா' என்று விலை இருந்தால் 1957க்கும் 1964க்கும் இடையில். முகவரியில் 'சென்னை–17' என்று மட்டும் இருந்தால் 1972 ஆகஸ்டுக்கு முந்தையதாக இருக்க வாய்ப்பு அதிகம், ஆறு இலக்கப் பின்கோடு இருந்தால் நிச்சயம் அதற்குப் பிந்தையது. கலியுக ஆண்டு போட்டிருந்தால் 3101 கழியுங்கள், சாலிவாகன சகம் என்றால் 78 கூட்டுங்கள், கொல்லம் என்றால் 825 கூட்டுங்கள். ஆண்டுத் தொடக்கம் வேறுபடுவதால் ஒரு வருஷம் முன்பின் ஆகலாம்.

தலைப்புக்கு: முகவுரை ஆவணியில் என்றால் நூல் பதிவானது 1936இன் மூன்றாம் அல்லது நான்காம் காலாண்டு. அந்த இரண்டு பட்டியலிலும் தமிழ்ப் புனைகதைப் பகுதியில் 192 பக்கம் உள்ளவற்றை மட்டும் குறித்துக்கொள்ளுங்கள். முன்பக்கங்களைத் தனியாக எண்ணியிருப்பார்கள் என்பதால் 196, 200 பக்கத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள். பக்கத் தலைப்பில் உள்ள பெண் பெயர் இரட்டைத் தலைப்பின் பின்பாதியாக இருக்கலாம், அகர வரிசையில் அந்த எழுத்தை மட்டும் பார்த்துவிட்டு மூடாதீர்கள்.

#13 மேலட்டை

பட்டியலில் பெயர் கிடைத்ததும் முழுப் பிரதிக்கு ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலக அட்டவணையைப் பாருங்கள். கோட்டையூரில் ஒரு தனி மனிதர் சேர்த்தது, 1994இலிருந்து சென்னையில் ஆய்வு நூலகமாக இயங்குகிறது. துப்பறியும் நாவல், பாட்டுப் புத்தகம், நாடக நோட்டீஸ் என்று மற்ற நூலகங்கள் மதிக்காதவற்றை எல்லாம் அவர் சேர்த்ததால் உங்கள் நூலுக்கு அங்கே வாய்ப்பு அதிகம். அடுத்து சென்னை கன்னிமாரா பொது நூலகம்.

அதற்குள் உங்கள் பிரதியைப் படம் எடுத்து வையுங்கள். 1930களின் தாள் முறிந்துவிடும், தட்டையாகத் திறந்து கண்ணாடியில் அழுத்த வேண்டாம். இருபக்கமும் சாய்மானம் வைத்து 100 டிகிரி அளவுக்குத் திறந்து மேலிருந்து எடுங்கள். 300 டிபிஐ போதும், எழுத்து சிறியதாக இருந்தால் 400. கறுப்பு–வெள்ளையில் சேமிக்காதீர்கள், மங்கிய புள்ளிகள் காணாமல் போய் 'க்' எல்லாம் 'க' ஆகிவிடும். சாம்பல் நிறத்திலோ வண்ணத்திலோ வையுங்கள். கோப்புப் பெயரில் அச்சான பக்க எண்ணையே போடுங்கள், ஃபாரம் விட்டுப்போனால் உடனே தெரியும்.

#14 தாழம்பூ

1936 மூன்றாம், நான்காம் காலாண்டுப் பட்டியல்களைத் தேடத் தொடங்குகிறேன். பக்கத் தலைப்பு, ஒரு மாதிரிப் பக்கம், கடைசி விளம்பரப் பக்கம் மூன்றின் படத்தையும் கீழே இணைக்கிறேன். விளம்பரத்தில் அதே வெளியீட்டாளரின் வேறு பதினொரு நாவல்கள் இருக்கின்றன. அவற்றில் எதையாவது அட்டவணையில் பார்த்தவர்கள் அச்சகப் பெயரை மட்டும் எழுதுங்கள், அச்சகத்தை வைத்தும் பட்டியலில் தேட முடியும்.